பொறியொடு பேசும் நிரல் நூலகங்கள்: ஒரு வரலாற்று நோக்கு

1. தோற்றுவாய்

கருவிகளின் வரலாறு எழுதுவோர் பெரும்பாலும் கருவிகளைப் பற்றியே எழுதிச் செல்வர். ஒரு கருவி மற்றொரு கருவியோடு எம்மொழியில் உரையாடிற்று, அம்மொழிக்கு இலக்கணம் வகுத்தவர் யாவர், அதனைப் பிறர்க்கு விளக்கியவர் யாவர் என ஆராய்வோர் சிலரே. தொழிற்சாலைகளில் பி.எல்.சி. என வழங்கும் நிரல்வழிக் கட்டுப்பாட்டுக் கருவியைப் பற்றி நூல்கள் பல உள. ஆயின், அக்கருவியோடு கணினி பேசுதற்கு இடைநின்று உதவும் நிரல் நூலகங்களின் வரலாறு தனித்து ஆராயப்பெறுதல் அரிதாகவே உள்ளது. அவ்வரலாற்றை ஒருவாறு தொகுத்து நோக்குதலே இக்கட்டுரையின் நோக்கம்.

ஈண்டு ‘நூலகம்’ என்னும் சொல் ஏடுகள் அடுக்கிய இடத்தைக் குறிப்பதன்று. பலர்க்கும் வேண்டப்படும் ஒரு தொழிலைச் செய்யும் நிரற்பகுதிகளை ஒருவர் எழுதித் தொகுத்து வைக்கின்றார். ஏனையோர் தத்தம் நிரல்களிலிருந்து அவற்றைப் பெயர் சொல்லி அழைத்துப் பயன்கொள்கின்றனர். அத்தொகுதியே நூலகம் எனப்படும். கொதிகலத்தின் வெப்பத்தைத் திரையிற் காட்ட விரும்பும் ஒருவர், கட்டுப்பாட்டுக் கருவிக்கு எந்தப் பைட்டை முதலில் அனுப்புவது, எதனைப் பின்னர் அனுப்புவது என்றெல்லாம் கவலையுற வேண்டுவதில்லை. நூலகம் அதனைச் செய்யும்.

இதனைத் தமிழ்த்துறையினர் ஆராய்தற்கு என்ன இயைபு உண்டு என வினவுவார் உளராகலாம். நம் இலக்கண மரபு எழுத்து, சொல், பொருள் என மொழியை மூவகையாக வகுத்து நோக்குகின்றது. கருவிகளின் உரையாடலும் இம்மூன்றனுள் அடங்குவதே. வெளியிடப்பட்ட இலக்கணம், மறைக்கப்பட்ட இலக்கணம், பாடவேறுபாடு, உரையாசிரியரின் பொறுப்பு ஆகிய நம் துறைக்குப் பழகிய சிக்கல்கள் அனைத்தும் இச்சிறு வரலாற்றில் உள. ஆகலின், பொறியியலார் கூறும் செய்திகளை மொழி ஆராய்ச்சியாளரின் கண்கொண்டு நோக்குதல் பொருத்தமேயாம்.

2. கருவியின் பிறப்பு

1960-களில் அமெரிக்க மோட்டார்த் தொழிற்சாலைகளில் பொறிகளின் இயக்கத்தை ஆண்டவை ரிலேக்கள். ரிலே என்பது கம்பிச் சுருளும் தொடுமுனைகளும் உடைய ஒரு மின்விசை. சுருளில் மின்னோட்டம் பாய்ந்தால் அது காந்தமாகித் தொடுமுனைகளை இணைக்கும், அல்லது பிரிக்கும். இத்தகைய ரிலேக்கள் பலவற்றைப் பெட்டிகளில் நிறைத்துக் கம்பிகளால் பிணைத்து, ‘இன்னது நிகழ்ந்தால் இன்னது செய்க’ என்னும் விதிகளை அமைத்தனர். காரின் வடிவம் மாறுந்தோறும் விதி மாறிற்று. விதி மாறுந்தோறும் கம்பிகளைக் கழற்றி மீண்டும் பிணைத்தல் வேண்டியதாயிற்று.

இவ்விடர்ப்பாட்டைத் தீர்க்க, ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனத்தின் ஹைட்ராமேட்டிக் பிரிவினர் 1968-ஆம் ஆண்டில் ரிலேக்களுக்கு மாற்றாக ஒரு மின்னணுக் கருவி வேண்டுமென அறிவித்தனர். மாசச்சூசெட்ஸ் மாநிலத்தின் பெட்ஃபோர்டு அசோசியேட்ஸ் என்னும் சிறு நிறுவனத்தைச் சேர்ந்த டிக் மார்லி முதலியோர் அமைத்த கருவி 1969-இல் வந்தது. அது அந்நிறுவனத்தின் 84-ஆவது திட்டமாதலின் 084 என எண் பெற்றது. அதனை விற்றற்கு அமைந்த நிறுவனம் மோடிகான் எனப்பட்டது.

இக்கருவியின் வெற்றிக்கு அடிப்படையான காரணம் ஒன்றுண்டு. அதனை இயக்கும் நிரலைப் புதியதொரு மொழியில் எழுதச் சொல்லாமல், மின்பணியாளர் முன்பே அறிந்திருந்த ரிலே வரைபடத்தின் வடிவிலேயே எழுதுமாறு செய்தனர். ஏணி போன்று தோன்றுதலின் அது ஏணிப்படம் எனப்பட்டது. பழைய பொருள் மறைந்தது. ஆயின் அப்பொருளைக் குறித்த சொற்கள் நின்றன. சுருள் இல்லாத கருவியில் ‘சுருள்’ என்னும் பெயர் நிலைத்தது. இதன் விளைவைப் பின்னர்க் காண்போம்.

3. மோட்பஸ்: எழுத்தும் சொல்லும்

கருவிகள் பெருகியபோது அவற்றோடு தொலைவிலிருந்து பேசும் தேவையும் எழுந்தது. மோடிகான் நிறுவனம் 1979-ஆம் ஆண்டில் மோட்பஸ் என்னும் நெறிமுறையை வெளியிட்டது. தன் கருவிகளுக்கென வகுத்ததாயினும், அதன் இலக்கணத்தை மறைத்து வைக்காமல் யாவரும் அறியத் தந்தமையே அதன் நெடுவாழ்வுக்கு வித்தாயிற்று. பிற நிறுவனத்தார் பலரும் தம் கருவிகளில் அதனை ஏற்றனர். 1999-இல் அது டிசிபி இணைப்பின் மேல் இயங்கும் வடிவம் பெற்றது. 2004-இல் அதன் உரிமை, மோடிகானின் வழித்தோன்றலாகிய ஷ்னைடர் நிறுவனத்திடமிருந்து ஒரு பொது அமைப்பிற்கு மாறிற்று.

மோட்பஸின் இலக்கணம் மிகச் சிறியது. அது அறிந்த பொருள்கள் நான்கே. எழுதவும் படிக்கவும் இயலும் ஒற்றைப் பிட்டுகள் ‘காயில்’ எனப்படும். படிக்க மட்டும் இயலும் பிட்டுகள் உள்ளீடுகள். 16 பிட்டுகள் கொண்ட ரிஜிஸ்டர்களும் இவ்வாறே இருவகைப்படும். கேட்கும் வினை ஒவ்வொன்றிற்கும் ஓர் எண் உண்டு: காயில்களைப் படித்தற்கு 1, எழுதத்தகும் ரிஜிஸ்டர்களைப் படித்தற்கு 3, ஒரு ரிஜிஸ்டரில் எழுதுதற்கு 6, பலவற்றில் எழுதுதற்கு 16 என வரும். ஒருமுறை கேட்டால் 125 ரிஜிஸ்டர்கள் வரை பெறலாம். இவ்வளவே, பெயரோ அலகோ பொருளோ இல்லை. 107-ஆம் முகவரியில் உள்ள எண் வெப்பமா, அழுத்தமா என்பதை மோட்பஸ் சொல்லாது.

காயில் என்பது ரிலேயின் சுருளே என்பது வெளிப்படை. மோட்பஸ் பேசும் இன்றைய கருவியின் நினைவகத்தில் சுருளும் இல்லை, காந்தமும் இல்லை. எனினும், பைத்தான் மொழிக்குரிய பைமோட்பஸ் நூலகத்தை அழைப்போர் இன்றும் ‘காயில்களைப் படி’ என்னும் பெயருடைய வினையையே அழைக்கின்றனர். சி மொழியில் அமைந்த லிப்மோட்பஸ் நூலகமோ அப்பெயரை விலக்கி, ‘பிட்டுகளைப் படி’ எனப் பெயரிட்டுள்ளது. ஒன்று தொழிலாளரின் மரபுச் சொல்லைப் போற்றுகின்றது. மற்றொன்று நிரலாளர்க்குப் பொருள் விளங்கும் சொல்லை ஆள்கின்றது. மரபுச் சொல்லா, விளக்கச் சொல்லா என்னும் இவ்வேறுபாடு கலைச்சொல்லாக்கத்தில் நாம் நன்கறிந்த ஒன்றாகும். 2020-ஆம் ஆண்டு சூலைத் திங்களில் மோட்பஸ் அமைப்பு ‘ஆண்டான், அடிமை’ எனப் பொருள்படும் பழைய சொற்களை நீக்கி, ‘கேட்போன், வழங்குவோன்’ எனப் பொருள்படும் சொற்களை ஏற்றது. தொழில்நுட்பச் சொற்களும் சமுதாய உணர்வுக்கு உட்பட்டவை என்பதற்கு இது சான்று.

இலக்கணம் வெளியாகியிருப்பின் ஐயம் எழாது எனக் கருதுதல் பொருந்தாது. மோட்பஸில் இரண்டு ஐயங்கள் இடையறாது தொடர்ந்து வருகின்றன. முதலாவது எண்ணுமுறை பற்றியது. கையேடுகள் ரிஜிஸ்டர்களை ஒன்றிலிருந்து எண்ணும். கம்பியிற் செல்லும் செய்தியோ சுழியிலிருந்து எண்ணும். கையேட்டில் 40108 என உள்ள ரிஜிஸ்டரைக் கேட்பவன் கம்பியில் 107 எனக் கேட்டல் வேண்டும். முன்னிற்கும் 4 என்பது பொருளின் வகையைக் குறிக்கும் அடையாளமேயன்றி எண்ணின் பகுதியன்று. இதனை உணராதார் அடுத்த ரிஜிஸ்டரின் மதிப்பைத் தாம் வேண்டியது எனக் கொண்டு மயங்குவர்.

இரண்டாவது ஐயம் அதனினும் நுண்ணியது. மோட்பஸின் சொல் 16 பிட்டு அளவினது. பின்னமுடைய எண்களோ 32 பிட்டுகள் வேண்டுவன. ஆகலின் இரு ரிஜிஸ்டர்களிற் பகுத்து வைக்கப்படும். அவ்விரண்டனுள் எது முன், எது பின் என்பதை நெறிமுறை வகுக்கவில்லை. ஒரு நிறுவனம் ஒருவாறும், மற்றொன்று வேறொருவாறும் வைத்தன. 100 டிகிரி என்னும் வெப்பம் பின்ன எண்ணாக எழுதப்படுங்கால் முதல் ரிஜிஸ்டரில் 17096, இரண்டாவதில் 0 என அமையும். வரிசையை மாற்றிப் படித்தால் அதே பிட்டுகள் சுழியினும் பிரித்தறிய இயலாத மிகச் சிறிய எண்ணாகத் தோன்றும். கொதிக்கும் நீர் உறைந்துவிட்டதாகத் திரை காட்டும். பிழையென எச்சரிக்க யாதும் இல்லை. ஏனெனில் எழுத்தளவில் பிழை யாதும் நிகழவில்லை.

லிப்மோட்பஸ் நூலகம் இச்சிக்கலை எதிர்கொண்ட முறை கருதத்தக்கது. நான்கு பைட்டுகளும் அமையத்தகும் வரிசைகளுள் வழக்கில் உள்ள நான்கினையும் அது ஏற்று, ஏபிசிடி, பிஏடிசி, சிடிஏபி, டிசிபிஏ எனப் பெயரிட்டு ஒவ்வொன்றிற்கும் தனித்தனி வினையை வைத்தது. இதுவே மூலம், ஏனைய பிழை என அது தீர்ப்புக் கூறவில்லை. பாடவேறுபாடுகளை அடிக்குறிப்பிற் காட்டித் தேர்ந்தெடுக்கும் பொறுப்பைப் படிப்போரிடம் விட்டுவைக்கும் நல்ல பதிப்பாசிரியரின் நெறியே இது. கருவியின் முன் நின்று உண்மை வெப்பம் யாதெனக் காண்பவரே சரியான பாடத்தைத் துணியவியலும்.

4. வெளியிடப்படாத இலக்கணம்

மோட்பஸ் வெளிப்பட்ட இலக்கணத்திற்குச் சான்றாயின், ஜெர்மனியின் சீமன்ஸ் நிறுவனம் எஸ்7 வரிசைக் கருவிகளுக்கென வகுத்த நெறிமுறை மறைக்கப்பட்ட இலக்கணத்திற்குச் சான்று. 1990-களின் நடுவில் எஸ்5 வரிசைக்குப் பின்வந்தது எஸ்7 வரிசை. அதன் உரையாடலில் கீழடுக்கு யாவரும் அறிந்ததே. அனைத்துலகத் தரநிறுவனம் வகுத்த போக்குவரத்து நெறியை டிசிபியின் மேல் இயக்கும் முறையை 1987-ஆம் ஆண்டின் ஆர்எஃப்சி 1006 என்னும் ஆவணம் விளக்குகின்றது. அதன்படி 102 என்னும் வாயில்வழி உரையாடல் நிகழும். ஆயின் அதன்மேல் அமைந்த எஸ்7 மொழியின் இலக்கணத்தை நிறுவனம் வெளியிடவில்லை. பேச விரும்புவோர் அந்நிறுவனம் விற்ற ப்ரோடேவ் முதலிய தொகுதிகளை விலைக்குப் பெறல் வேண்டும்.

இந்நிலையில் தனியார் சிலர், கம்பியிற் செல்லும் பைட்டுகளைப் பிடித்து, ஒரே வினாவைச் சிறிது சிறிதாக மாற்றிக் கேட்டு, விடையில் எவ்வெழுத்து மாறுகின்றது என ஒப்பிட்டு, அம்மொழியை உய்த்துணர்ந்தனர். அறியா எழுத்தில் அமைந்த கல்வெட்டைப் படிப்போர் கையாளும் முறை இதுவே. மீண்டும் மீண்டும் வரும் குறியைக் கண்டு அதன் இடத்தால் அதன் பணியைத் துணிதல் இரண்டிற்கும் பொது. இவ்வாறு தோன்றிய நூலகங்களுள் முந்தியது லிப்நோடேவ். ‘ப்ரோடேவ்’ என்னும் வணிகப் பெயரை நோக்க, ‘நோடேவ்’ என்பது அதனை மறுத்து அமைந்த பெயர் எனக் கருதுதல் பொருந்தும். பெயரிலேயே வரலாறு பொதிந்துள்ளது.

அதன் பின்னர், டேவிடே நார்டெல்லா என்னும் இத்தாலியர் இயற்றிய ஸ்னாப்7 என்னும் நூலகம் பரவலாயிற்று. அது சி++ மொழியில் அமைந்தது. பைத்தான், பாஸ்கல், சி# முதலிய மொழிகளிலிருந்தும் அதனை அழைக்க வாயில்கள் உள. கேட்போன் பகுதியோடு கருவியைப் போன்றே விடையளிக்கும் வழங்குவோன் பகுதியையும் அது உடையது. ஆகலின் உண்மைக் கருவி கையில் இல்லாத மாணவரும் நிரலைச் சோதித்தல் கூடும். அதன் உரிமம் எல்ஜிபிஎல் வகையைச் சேர்ந்தது. நூலகத்தைத் திருத்துவோர் அத்திருத்தத்தைப் பிறர்க்கு வழங்கும்போது அதன் மூலத்தையும் வெளியிடல் வேண்டும்; அதனை அழைத்து மட்டும் பயன்கொள்வோர் தம் நிரலை வெளியிட வேண்டுவதில்லை. தொழிற்சாலையினர் அச்சமின்றி ஏற்றற்கு இவ்வுரிமம் பெரிதும் துணை செய்தது எனலாம். லிப்மோட்பஸின் உரிமமும் இவ்வகையினதே.

ஸ்னாப்7 நூலகத்தின் உள்ளே சொல்லாராய்ச்சிக்குரிய செய்தி ஒன்றுண்டு. கருவியின் நினைவகப் பகுதிகளை அது பிஇ, பிஏ, எம்கே, டிபி என்னும் குறியீடுகளாற் சுட்டுகின்றது. இவை ஆங்கிலச் சொற்களின் சுருக்கமல்ல. உள்ளீட்டைக் குறிக்கும் ‘ஐன்காங்’, வெளியீட்டைக் குறிக்கும் ‘ஔஸ்காங்’, நினைவுக் குறியைக் குறிக்கும் ‘மெர்க்கர்’, தரவுக் கட்டினைக் குறிக்கும் ‘டாட்டன்பௌஸ்டைன்’ ஆகிய ஜெர்மன் சொற்களின் வழிவந்தவை. இத்தாலியர் ஒருவர் எழுதிய நூலகத்தில் ஜெர்மன் சொற்களின் முதலெழுத்துகள் நின்று, அவற்றைப் பல நாட்டாரும் பொருளறியாமலே வழங்குகின்றனர். நெறிமுறையின் இலக்கணம் மறைக்கப்பட்டதாயினும், அதனை வகுத்தோரின் தாய்மொழி மறையவில்லை.

மறைந்த இலக்கணத்தை உய்த்துணர்ந்து எழுதிய நூலகம் மூலநிறுவனத்தின் முடிவுகளுக்கு என்றும் கட்டுப்பட்டதே. சீமன்ஸ் நிறுவனத்தின் எஸ்7-1200, எஸ்7-1500 ஆகிய பிற்காலக் கருவிகளில், இத்தகைய நூலகங்கள் தரவைப் பெறல் வேண்டுமாயின் இரண்டு அமைப்புகளை மாற்றல் வேண்டும். பிற கருவிகள் ‘புட், கெட்’ முறையில் அணுகுதற்கு இசைவு அளித்தல் ஒன்று. தரவுக் கட்டின் ‘செம்மைப்படுத்திய’ அமைப்பை விலக்கி, ஒவ்வொரு தரவும் நிலையான இடத்தில் இருக்குமாறு செய்தல் மற்றொன்று. இவற்றைச் செய்யாவிடின் நூலகம் தட்டினும் கதவு திறவாது. இவற்றுள் முன்னது காவலை மிகுதியாக்கும் நோக்கில் அமைந்தது என்பது உண்மையே. எனினும், இலக்கணம் மறைந்துள்ளவிடத்து நூலகத்தின் வாழ்வு பிறர் கையில் உள்ளது என்பதும் இதனாற் புலனாகின்றது.

5. எண்ணிலிருந்து பெயருக்கு

மேற்கூறிய இருவகையினும் தரவு எண்ணாலேயே சுட்டப்பட்டது. ஐந்தாம் கட்டில் பன்னிரண்டாம் பைட்டு, 107-ஆம் ரிஜிஸ்டர் என்றே கேட்டல் வேண்டும். எந்த எண்ணில் எது உள்ளது என்பதைத் தனியே ஒரு தாளில் எழுதி வைத்தனர். அத்தாள் தொலைந்தால் கருவி ஊமையாயிற்று.

அமெரிக்காவின் ஆலன்-பிராட்லி கருவிகளிலும் தொடக்கத்தில் இதுவே நிலை. 1990-களின் இறுதியில் வந்த கண்ட்ரோல்லாஜிக்ஸ் வரிசையில் தரவுகள் ‘டேக்’ எனப்படும் பெயர்களைப் பெற்றன. நிரலை எழுதுவோர் ‘கொதிகலவெப்பம்’ எனப் பெயரிட்டால், வெளியிலிருந்து கேட்போரும் அப்பெயராலேயே கேட்கலாம். சி மொழியில் அமைந்த லிப்பிஎல்சிடேக் என்னும் நூலகம் தன் பெயரிலேயே இம்மாற்றத்தைக் கொண்டுள்ளது. பெயரைச் சொல்லி அதன் மதிப்பைக் கேட்டலும் அதற்கு மதிப்பைத் தருதலுமே அதன் தொழில். பழைய எண்முறைக் கருவிகளையும் அது விலக்கவில்லை.

பெயர் வந்தமையால் எழுத்திலிருந்து சொல்லுக்கு உரையாடல் உயர்ந்தது. ஆயினும் பொருள் இன்னும் விளங்கவில்லை. ஒருவர் இட்ட பெயர் மற்றொருவர்க்கு விளங்கும் எனக் கூறவியலாது. ‘வெப்பம் 1’ எந்த உலையின் வெப்பம், எந்த அலகில் என்பதைப் பெயர் மட்டும் உணர்த்தாது.

6. பொதுமொழி தேடிய முயற்சிகள்

கருவி ஒவ்வொன்றிற்கும் ஒரு மொழி எனின் அதன் சுமை யார்மேல் விழும் என்பதைக் கணக்கிடல் எளிது. திரையில் காட்டும் மென்பொருள்கள் பத்து, கருவி வகைகள் பத்து எனக் கொண்டால், ஒவ்வொன்றும் ஒவ்வொன்றோடு பேச நூறு இடைநிரல்கள் எழுதப்படல் வேண்டும். நடுவே ஒரு பொதுமொழி நின்றால் இருபதே போதும். இவ்வுண்மையை முதலில் உணர்ந்தோருள் ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனமும் ஒன்று. கட்டுப்பாட்டுக் கருவியின் பிறப்பிற்குக் காரணமாயிருந்த அந்நிறுவனமே 1980-களில் எம்ஏபி என்னும் பொது நெறிமுறையை நிறுவ முயன்றது. அம்முயற்சி எங்கும் நிலைபெறவில்லை. புலத்தளக் கருவிகளை இணைக்கும் நெறிகளுக்கு ஒரே தரம் காணத் தொடங்கிய நெடுநாள் முயற்சியும் 2000-ஆம் ஆண்டில் ஐஇசி 61158 என வெளிவந்தபோது, எட்டு வகைகளை ஒருங்கே ஏற்ற ஒரு தொகுதியாக முடிந்தது. ஒருமை வேண்டி அமர்ந்தோர் பன்மையை ஏற்று எழுந்தனர்.

1996-இல் தோன்றிய ஓபிசி என்னும் தரம் வேறொரு வழியை நாடிற்று. கருவிகளின் மொழிகளை மாற்ற முயலாமல், கணினியின் பக்கத்தில் ஒரு பொது வாயிலை அமைத்தது. கருவி நிறுவனத்தார் தத்தம் மொழியை அவ்வாயிலுக்குப் பெயர்த்துத் தருவர். ஏனையோர் வாயிலோடு மட்டும் பேசுவர். அது மைக்ரோசாஃப்ட் நிறுவனத்தின் காம், டிகாம் என்னும் அமைப்புகளின்மேல் எழுப்பப்பட்டமையால் விண்டோஸ் கணினிகளை விட்டு வெளியேற இயலாதாயிற்று. இக்குறையை நீக்க எழுந்ததே ஓபிசி யூஏ. 2006 முதல் அதன் பகுதிகள் வெளிவந்தன. பின்னர் அது ஐஇசி 62541 என்னும் உலகத் தரமாயிற்று. இதன் சிறப்பு மதிப்பை மட்டும் தாராமல், அம்மதிப்பு எப்பொருளின் எப்பண்பு, எவ்வகை எண், எவ்வலகு, எந்நேரத்தில் அளந்தது என்பனவற்றையும் உடன் தரவல்ல அமைப்பாகும். எழுத்து, சொல் என்னும் படிகளைக் கடந்து பொருளை நோக்கி நெறிமுறை நகர்ந்தது எனலாம்.

ஓபிசி யூஏவின் இலக்கணம் பல பகுதிகளாக விரிந்தது. தனியொருவர் அதனை முழுதும் நிரலாக்கல் எளிதன்று. ஜெர்மனியின் பல்கலைக்கழகங்களையும் ஆராய்ச்சி நிறுவனங்களையும் சேர்ந்தோர் ஒருங்கு கூடிச் சி மொழியில் ஓபன்62541 என்னும் நூலகத்தைத் திறந்த மூலமாக வெளியிட்டனர். தரத்தின் எண்ணையே தன் பெயராகக் கொண்டது அது. உய்த்துணர்ந்து எழுதிய நூலகங்கள் வணிகப் பெயரை மறுத்துத் தம் பெயரைக் கொள்ள, வெளியிட்ட இலக்கணத்தின்வழி எழுந்த நூலகம் அவ்விலக்கணத்தின் பெயரையே பூண்டது.

மற்றொரு வழியும் உண்டு. கருவியின் மொழியை மாற்றாமலும் நடுவே ஒரு வழங்குவோனை நிறுத்தாமலும், பல மொழிகளையும் ஒரே நூலகம் பேசுமாறு செய்தல் அது. 2017-இன் இறுதியில் அப்பாச்சி அறநிறுவனத்தில் தொடங்கி, 2019-இல் அதன் முழுநிலைத் திட்டமாகிய பிஎல்சி4எக்ஸ் இவ்வழியைச் சார்ந்தது. மோட்பஸ், எஸ்7, ஈதர்நெட்/ஐபி முதலியவற்றை ஒரே வகை அழைப்புகளால் கையாள அது வகை செய்கின்றது. ஒவ்வொரு நெறிமுறையின் செய்தி வடிவத்தையும் முதலில் ஒரு விளக்க மொழியில் எழுதி, அவ்விளக்கத்திலிருந்து நிரலைப் பொறியே உருவாக்குமாறு அமைத்தமை இதன் சிறப்பு. இலக்கணத்தையும் உரையையும் வேறு பிரித்து வைத்த முறை இது.

இத்திட்டத்தை முன்னின்று நடத்தியவர், தம் உழைப்பால் நிறுவனங்கள் பயன்கொண்டும் பொருளுதவி செய்ய முன்வாராமை கண்டு, இலவச உதவியை நிறுத்துவதாக 2022-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் வெளிப்படையாக அறிவித்தார். இந்நூலகங்களுள் பல தனியொருவரின் அல்லது சிலரின் ஓய்வுநேர உழைப்பால் நிற்பன. உரைநூல் ஒன்று பல தலைமுறைக்குப் பயன்படினும் உரையாசிரியரைப் புரந்தோர் யாவர் என எவரும் வினவுவதில்லை. இந்நிலை தொடருமாயின் அதன் இழப்பு நூலகம் எழுதியவர்க்கு மட்டும் உரியதன்று.

7. இடைநின்றோர் பொய்யுரைத்தல்

நூலகத்தின் இடம் எத்துணைப் பொறுப்புடையது என்பதை உலகம் 2010-ஆம் ஆண்டில் உணர்ந்தது. அவ்வாண்டு சூன் திங்களில் வெளிப்பட்ட ஸ்டக்ஸ்நெட் என்னும் தீநிரல், ஈரானின் நதான்சில் உள்ள யுரேனியச் செறிவூட்டு நிலையத்தைக் குறிவைத்தது என ஆய்வாளர் கூறுவர். பொறிகளைக் கெடுத்ததைப் பற்றிப் பலரும் எழுதியுள்ளனர். அது மேற்கொண்ட வழியே ஈண்டு நம் ஆய்வுக்கு உரியது.

சீமன்ஸ் நிறுவனத்தின் ஸ்டெப்7 என்னும் பொறியாளர் மென்பொருள், கட்டுப்பாட்டுக் கருவியோடு பேசுதற்கு எஸ்7ஓடிபிஎக்ஸ்டிஎக்ஸ் என்னும் நூலகத்தை அழைத்தது. ஸ்டக்ஸ்நெட் அந்நூலகத்தின் பெயரில் ஈற்றயல் எழுத்தாகிய ‘டி’ என்பதை ‘எஸ்’ என மாற்றி வைத்துவிட்டு, பழைய பெயரில் தன் நூலகத்தை அமர்த்தியது. மூல நூலகத்தில் அழைக்கத்தகும் வினைகள் 109. அவற்றுள் 93 வினைகளைப் போலி நூலகம் மாற்றமின்றி மூல நூலகத்திற்கே அனுப்பிற்று. எஞ்சிய 16 வினைகளை மட்டும் தானே கைக்கொண்டது. கருவியில் நிரலை எழுதுதல், படித்தல், உள்ள பகுதிகளைப் பட்டியலிடுதல் போன்றவை அப்பதினாறனுள் அடங்கும்.

இதன் விளைவு யாது? பொறியாளர் கருவிக்கு நிரலை அனுப்பினால், தீநிரலும் உடன் சென்றது. கருவியிலுள்ள நிரலைத் திரும்பப் படித்தால், தீநிரல் நீக்கிய தூய வடிவமே திரையில் தோன்றியது. இடைநின்று மொழிபெயர்ப்போன் இருபுறமும் பொய் கூறினான்; இருபுறத்தாரும் ஒருவரையொருவர் நேரே கேளாமையின் ஐயுறவில்லை. நூற்றொன்பது சொற்களுள் பதினாறே திரிந்தன. பெரும்பகுதி மெய்யாயிருந்தமையே சிறுபகுதியின் பொய்யைக் காத்தது.

மறைத்து வைத்த இலக்கணம் காவலாகும் என்பாரின் கூற்று இந்நிகழ்ச்சியால் தளர்கின்றது. திரிக்கப்பட்டது விலைக்கு விற்ற, மூலம் வெளியிடாத நூலகமே. எனினும், வெளிப்படையாக இருத்தலே காவல் எனக் கூறுதலும் பொருந்தாது. மோட்பஸின் இலக்கணம் அனைவரும் அறிந்தது. கேட்பவன் யார் என வினவும் வழக்கம் அதன் பழைய வடிவில் இல்லை. 2024-ஆம் ஆண்டு சனவரியில் உக்ரேனின் லிவிவ் நகரில் ஃப்ராஸ்டிகூப் எனப் பின்னர்ப் பெயரிடப்பட்ட தீநிரல் மோட்பஸ் வழியே வெப்பக் கட்டுப்பாட்டுக் கருவிகளுக்கு ஆணைகள் அனுப்பியது. குளிர்காலத்தில் 600-க்கும் மேற்பட்ட அடுக்குமாடிக் கட்டடங்கள் ஏறத்தாழ இரண்டு நாள் வெப்பமின்றி இருந்தன. மறையாக்கமும் அடையாளச் சான்றும் கூடிய மோட்பஸ் வடிவம் 2018-இலேயே வகுக்கப்பட்டது. ஆயினும் தொழிற்சாலைக் கருவிகள் பத்தாண்டும் இருபதாண்டும் உழைப்பன. புதிய இலக்கணம் எழுதப்பட்டதனால் மட்டும் பழைய கருவி அதனைப் பேசத் தொடங்கிவிடாது.

8. முடிவுரை

இதுகாறும் கண்டவற்றால் மூன்று முடிபுகள் பெறப்படுகின்றன. முதலாவது, கருவிகள் மறையினும் அவற்றின் சொற்கள் நூலகங்களில் வாழ்கின்றன. ரிலேயின் சுருள் மோட்பஸ் நூலகங்களிலும், ஜெர்மன் சொற்களின் முதலெழுத்துகள் ஸ்னாப்7 நூலகத்திலும் நிற்றல் இதற்குச் சான்று. ஆகலின் இந்நூலகங்கள் தொழில்நுட்ப வரலாற்றிற்குரிய மூல ஆவணங்களாகப் பாதுகாக்கப்படத் தக்கன.

இரண்டாவது, இலக்கணம் வெளியிடப்பட்டவிடத்துச் சிக்கல் பொருள்கோளில் எழுகின்றது. மறைக்கப்பட்டவிடத்து அச்சிக்கலோடு சார்புநிலையும் சேர்கின்றது. வெளியிட்ட இலக்கணத்தைத் தவறாகப் பொருள்கொண்டவர் ஆவணத்தை மீண்டும் நோக்கித் திருந்தலாம். உய்த்துணர்ந்தவர்க்கு அவ்வாய்ப்பு இல்லை. மூலநிறுவனம் ஒரு விதியை மாற்றினால் அவர் உழைப்பை மீண்டும் தொடங்குதல் வேண்டும்.

மூன்றாவது, நூலகம் இடைநிற்பது. இடைநிற்போரின் சொல்லை மூலத்தோடு ஒப்புநோக்கும் வாயில் மற்றையோர்க்கு இருத்தல் இன்றியமையாதது. நதான்சில் பொறியாளர்க்கு இல்லாமற் போனது அவ்வாயிலே. மறைத்தல் அதனைத் தாராது. வெளியிடுதல் ஒன்று மட்டும் அதனைத் தந்துவிடாது. நூலகத்தின் மூலத்தைப் பலரும் படித்தல், அது இன்னார் வெளியிட்டது என்பதற்குச் சான்று அமைதல், கருவி சொன்னதை வேறொரு வழியில் சரிபார்த்தல் ஆகிய மூன்றும் கூடியவிடத்தே நம்பிக்கைக்கு இடமுண்டு. மூலபாடத்தை உரையோடும் ஏட்டுச் சுவடிகளோடும் ஒப்பிட்டுப் பார்த்தே ஏற்றல் வேண்டும் என்பது நம் துறையில் மாணவர் முதலிற் கற்கும் பாடம். அதே பாடம், சுழலும் பொறியும் எரியும் உலையும் மனித உயிரும் பணயமாக உள்ள இடத்தில், இன்னும் கடுமையாகப் பின்பற்றத்தக்கது.